ஒளியைப் பெற்றுக்கொண்ட கண்: பாலு மகேந்திராவின் ஒளிப்பதிவை முன்வைத்து

தமிழ்த் திரைப்படம் குறித்து எழுதுவோர் கதையைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். நடிப்பையும் பாடலையும் பற்றி அதைவிட மிகுதியாக எழுதியிருக்கிறார்கள். ஒளியைப் பற்றி எழுதியவர்கள் மிகச் சிலரே. படம் என்பதே ஒளியின் பதிவு என்னும்போது, அந்த ஒளியைக் கையாண்டவரின் பெயர் விமரிசனத்தின் கடைசி வரியில், 'ஒளிப்பதிவு கண்ணுக்குக் குளிர்ச்சி' என்ற தேய்ந்த தொடரோடு முடிந்துபோவது நம் விமரிசன மரபின் ஏழ்மையைக் காட்டுகிறது. பாலு மகேந்திரா இயக்குநராகவும் புகழ்பெற்றவர் என்பதால் அந்தப் புறக்கணிப்பிலிருந்து ஓரளவு தப்பினார். ஆனால் அவர் குறித்த மதிப்பீட்டிலும் ஒரு கோணல் நிலைத்துவிட்டது. மலையாளத்தில் சிறந்த ஒளிப்பதிவாளராகத் தொடங்கினார், தமிழில் பெரிய இயக்குநரானார், இறுதியில் வாய்ப்புக் குறைந்து தொலைக்காட்சிக்கு இறங்கினார் என்று மூன்று படிகளாக அவருடைய வாழ்வைச் சொல்லிவிடுகிறார்கள். இந்த ஏற்ற இறக்கக் கணக்கு அவருடைய பணியின் உட்பொருளுக்குப் பொருந்தவில்லை என்பதே இக்கட்டுரையின் வாதம். வயநாட்டுக் காட்டிலும் கேத்தி ரயில் நிலையத்திலும் அவர் கையாண்ட அதே முறைமையைத்தான் சின்னத்திரையிலும் கையாண்டார். அதன் நிறையும் குறையும் சின்னத்திரையில்தான் தெளிவாகத் தெரிகின்றன.

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939 மே 20 அன்று அவர் பிறந்தார். அது வாவியும் கடலும் சூழ்ந்த நிலம். தமிழரும் முஸ்லிம்களும் அடுத்தடுத்த ஊர்களில் வாழ்ந்துவரும் கிழக்குக் கரை. அங்கிருந்து காத்தான்குடி சில கல் தொலைவுதான். பள்ளிப் பருவத்தில், டேவிட் லீன் 'குவாய் நதிப் பாலம்' படத்தை இலங்கையின் கித்துல்கலவில் எடுத்துக்கொண்டிருந்தபோது அதைப் பார்க்க நேர்ந்ததாக அவர் பலமுறை சொல்லியிருக்கிறார். இயக்குநர் மழை என்று குரல் கொடுத்ததும் மழை பெய்தது. அந்தக் கணத்திலேயே தானும் திரைப்பட இயக்குநராவது என்று முடிவு செய்துகொண்டதாக அவர் கூறுவார். இந்த நிகழ்ச்சியைப் பலரும் ஒரு மேதையின் இளமைக்கால வியப்பாக எடுத்துச் சொல்கிறார்கள். அதில் ஒரு முரண் இருப்பதைக் கவனிப்பதில்லை. வானத்துக்கே ஆணையிடும் ஒருவரைக் கண்டு கலைக்குள் வந்த அவர், தம் வாழ்நாளின் பெரும்பகுதியை அதற்கு நேர்மாறான வழியில் செலவிட்டார். வெயிலுக்கு ஆணையிடாமல் அது சாயும்வரை காத்திருந்தார். பனி விலகுவதற்கு முன்பே படப்பிடிப்பைத் தொடங்கினார்.

புனே திரைப்படக் கல்லூரியில் 1966 முதல் 1969 வரை ஒளிப்பதிவு பயின்று தங்கப் பதக்கத்துடன் வெளியேறிய அவருக்கு, முதலில் கைகொடுத்தது மலையாளம். பி. வத்சலாவின் நாவலைத் தழுவி ராமு காரியாட் இயக்கிய 'நெல்லு' 1974-இல் வெளிவந்தது. வயநாட்டுப் பழங்குடி மக்களின் வாழ்வைச் சொல்லும் அந்தப் படம் அவருக்குக் கேரள அரசின் ஒளிப்பதிவு விருதைப் பெற்றுத் தந்தது. பரதனின் முதற்படமான 'பிரயாணம்' 1975-இல் வந்தது. இப்படித் தொடங்கிய பயணத்தில், 1977-இல் கன்னடத்தில் 'கோகிலா' மூலம் இயக்குநரானார். அதே கறுப்பு வெள்ளைப் படத்தின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் பெற்றார். மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' 1978-இலும், கே. விசுவநாத்தின் 'சங்கராபரணம்' 1980-இலும், மணிரத்னத்தின் முதற்படமான 'பல்லவி அனு பல்லவி' 1983-இலும் வெளிவந்தன. மூன்றுக்கும் ஒளிப்பதிவாளர் இவரே. தமிழிலும் தெலுங்கிலும் கன்னடத்திலும் முக்கியமான மூன்று இயக்குநர்களின் திருப்புமுனைப் படங்களில் ஒரே கண் இயங்கியிருப்பது தற்செயலாகத் தோன்றவில்லை.

அந்தக் கண்ணின் தனித்தன்மையை விளங்கிக்கொள்ள அக்காலத் தொழில்நுட்பத்தைச் சற்றே நினைவுகூர வேண்டும். எழுபதுகளில் கிடைத்த ஈஸ்ட்மன் வண்ண ஃபிலிமின் உணர்திறன் நூறு ஏ.எஸ்.ஏ. அளவை ஒட்டியே இருந்தது. அது மின்விளக்கின் நிறத்துக்கு ஏற்பச் செய்யப்பட்டது. பகல் வெளிச்சத்தில் எடுக்க வேண்டுமானால் லென்ஸுக்கு முன் ஆரஞ்சு நிற வடிகட்டியைப் பொருத்த வேண்டும். அதனால் இருந்த உணர்திறனும் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் குறைந்துவிடும். ஒரு சாதாரண வீட்டின் கூடத்தில், ஜன்னல் வழியே வரும் வெளிச்சத்தை மட்டும் நம்பிப் படம் எடுப்பது அந்நாளில் துணிச்சலான காரியம். கணக்கு கொஞ்சம் பிசகினாலும் முகம் இருளில் மூழ்கிவிடும். எனவேதான் படப்பிடிப்புத் தளங்களில் பெரிய விளக்குகளை மேலே கட்டி, நாலாபுறமும் வெளிச்சத்தைக் கொட்டினார்கள். நள்ளிரவுக் காட்சியிலும் நாயகியின் முகம் பளிச்சென்றிருக்கும். ஒரே மனிதருக்கு இரண்டு மூன்று நிழல்கள் சுவரில் விழும். பார்வையாளரும் அதற்குப் பழகிப்போயிருந்தனர்.

இந்த இரு முறைகளுக்கும் உள்ள வேறுபாட்டைச் சொல்ல, ஒளியியலின் பழைய வழக்கொன்று நமக்கு உதவும். பார்வை என்பது கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுப் பொருளைத் தொடுவதால் நிகழ்கிறது என்று பண்டைய கிரேக்க அறிஞர் பலர் கருதினர். பஸ்ராவில் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்த இப்னு ஹைதம், பதினோராம் நூற்றாண்டில் எழுதிய 'கிதாபுல் மனாழிர்' என்னும் நூலில் இதை மறுத்தார். ஒளி பொருளிலிருந்து கண்ணுக்கு வருகிறது. கண் அதைப் பெற்றுக்கொள்கிறது என்று அவர் நிறுவினார். தளங்களில் விளக்கைக் கொட்டிய முறை, கண்ணே கதிரை வீசுகிறது என்ற பழைய கருத்தின் சாயலைக் கொண்டது. தான் விரும்பியதைப் பொருளின் மேல் எறிந்து, எறிந்ததையே திரும்பப் பார்ப்பது அது. பாலு மகேந்திராவின் முறை இரண்டாவது வகை. இந்த அறைக்கு எங்கிருந்து வெளிச்சம் வருகிறது என்பதே அவருடைய முதற்கேள்வி. அது கிழக்கு ஜன்னலிலிருந்து வருமானால், பற்றாக்குறையை ஈடுசெய்ய வைக்கும் விளக்கும் வெள்ளைப் பலகையும் அந்தத் திசைக்கே கட்டுப்பட்டிருக்கும். செயற்கை விளக்கே கூடாது என்ற பிடிவாதம் அவரிடம் இருந்ததாகச் சிலர் மிகைப்படுத்துவதுண்டு. அறையின் உண்மைக்கு மாறாக விளக்கு பேசக்கூடாது என்பதே அவருடைய கண்டிப்பாக இருந்தது.

'மூன்றாம் பிறை' 1982-இல் வெளிவந்து அவருக்கு ஒளிப்பதிவுக்கான இரண்டாவது தேசிய விருதைத் தந்தது. அதன் இறுதிக் காட்சியை நடிப்புக்காகவே எல்லோரும் பேசுகிறார்கள். கேத்தி ரயில் நிலையத்தில் மழையில் நனைந்த நடைமேடையையும், எந்தப் பொருளின் நிழலும் தரையில் விழாத அந்தச் சாம்பல் வெளிச்சத்தையும் நினைத்துப் பாருங்கள். அங்கே துயரத்தை எடுத்துக்காட்ட எந்த விளக்கும் முனையவில்லை. ஒருவன் உடைந்து நொறுங்கும் வேளையில் மலையும் மழையும் தம் வழக்கப்படி இருக்கின்றன. அந்த அக்கறையின்மைதான் காட்சியைத் தாங்க முடியாததாக்குகிறது. சோகத்துக்கு இருட்டும் மகிழ்ச்சிக்கு வெளிச்சமும் என்ற எளிய வாய்ப்பாட்டை நம்பியிருந்தால் இந்த விளைவு கிட்டியிருக்காது.

இம்முறையின் இன்னொரு பயனை நாம் போதிய அளவு மதிப்பிடவில்லை. அது தமிழரின் தோல் நிறம் பற்றியது. கொட்டும் வெளிச்சமும் கனத்த ஒப்பனையும் சேர்ந்து, நம் திரையில் மாநிற முகங்களைப் பல பத்தாண்டுகள் இல்லாமலாக்கியிருந்தன. ஷோபாவும் அர்ச்சனாவும் பாலு மகேந்திராவின் படங்களில் தம் சொந்த நிறத்தோடு வந்தார்கள். ஜன்னலின் பக்க வெளிச்சத்தில், கன்னத்தின் ஒரு புறம் மெல்ல மங்கிப்போகும் அந்த முகங்களில் நம் வீட்டுப் பெண்களின் சாயலைக் கண்டோம். நிறத்தை இழிவாகக் கருதும் ஒரு சமூகத்தில், கறுப்பை அதன் இயல்பான அழகோடு வண்ண ஃபிலிமில் பதிவு செய்ததன் பொருள் தொழில்நுட்பத்தோடு நின்றுவிடுவதில்லை.

அவருடைய முறைமைக்குச் சான்றாக ஒரு படத்தை மட்டுமே சொல்லலாம் என்றால் 'வீடு' என்றே சொல்வேன். ஒளிப்பதிவு, எழுத்து, படத்தொகுப்பு, இயக்கம் நான்கையும் அவரே செய்த இந்தப் படம் 1988-இல் வெளிவந்தது. தமிழின் சிறந்த படத்துக்கும், சிறந்த நடிகைக்கும் தேசிய விருது பெற்றது. பாட்டு இல்லை; இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்' இசைத்தொகுப்பே பின்னணியாயிற்று. சேக்காடு, பட்டாபிராம், ஆவடி, அம்பத்தூர் எனச் சென்னைக்கு மேற்கே விரிந்த புறநகர்களில் ஒரு மனை வாங்கிக் கடன்பட்டு வீடு கட்டிய எவரும் இந்தப் படத்தை வெறும் கதையாகப் பார்த்திருக்க முடியாது. வாடகை வீட்டைக் காலி செய்ய வேண்டிய நெருக்கடி, கடனுக்கு அலைச்சல், சிமென்டைக் களவாடி விற்கும் ஒப்பந்தக்காரர், அதை வெளிப்படுத்தும் சித்தாள் மங்கம்மா, கடைசியில் நிலமே குடிநீர் வாரியத்தின் கையகப்படுத்தலில் இருக்கிறது என்ற செய்தி என்று அன்றாட வாழ்வின் அடுக்குகளில் படம் நகர்கிறது.

ஒளிப்பதிவாளரின் கண்ணோடு பார்த்தால், 'வீடு' உண்மையில் வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்பதைப் பற்றிய படமாகவும் தெரிகிறது. வாடகை வீட்டில் வெளிச்சம் அளந்து வருகிறது. அது பிறர் வீட்டு வெளிச்சம். கட்டப்படும் வீட்டுக்குக் கூரை இல்லை. எனவே வானம் முழுவதும் உள்ளே இறங்குகிறது. சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா, பாதி எழும்பிய அந்தச் சுவர்களைத் தடவிப் பார்க்கும் காட்சியில் அவர் முகத்தில் படர்வது, கதவும் கூரையும் இன்னும் வராத வீட்டின் திறந்த ஒளி. திரும்பும் வழியில் அவர் இறந்துபோகிறார். வீடு முழுமை பெற்றிருந்தால் அந்த வெளிச்சம் மறைந்திருக்கும். முற்றுப்பெறாததன் அழகையும் முற்றுப்பெறாததன் கொடுமையையும் ஒரே வெளிச்சத்தில் வைத்துக் காட்டியதற்கு ஈடான வேறொரு காட்சியை நம் திரையில் தேடிக் காண்பது கடினம்.

அடுத்து வந்த 'சந்தியா ராகம்' தூர்தர்ஷனுக்காக எடுக்கப்பட்டது. அது குடும்ப நலம் குறித்த சிறந்த படத்துக்கான தேசிய விருதை 1989-ஆம் ஆண்டுக்குப் பெற்றது. எனவே தொலைக்காட்சி அவருக்குப் பிற்காலத்தில் நேர்ந்த வீழ்ச்சி என்பது காலவரிசைப்படியும் தவறு. அவருடைய மிகச் சிறந்த இரண்டு படங்களில் ஒன்று சின்னத்திரையின் பொருளுதவியால் பிறந்தது.

தொண்ணூறுகளின் இறுதியில் சன் தொலைக்காட்சிக்காக அவர் எடுத்த 'கதை நேரம்' வேறொரு சூழலில் வந்தது. தனியார் அலைவரிசைகள் பெருகி, மெகா தொடர்கள் வேரூன்றிய காலம் அது. அதே அலைவரிசையில் 'சித்தி' 1999-இல் தொடங்கி ஈராண்டு ஓடியது. முடிவில்லாமல் நீள்வதே வணிக வெற்றி என்று ஆனபோது, சுஜாதா, மாலன் போன்றோரின் சிறுகதைகளை எடுத்துக்கொண்டு, அரை மணிக்கும் குறைவான நேரத்தில் சொல்லி முடித்துவிடும் படங்களை அவர் வாரந்தோறும் தந்தார். ஐம்பதுக்கு மேற்பட்ட கதைகள் அவ்வாறு படமாயின. பின்னாளில் முக்கிய இயக்குநரான வெற்றிமாறன் உதவியாளராக இருந்து, கதைகளைப் படித்துச் சுருக்கம் எழுதிப் பயின்றது இங்கேதான்.

வீடியோ நாடா, ஃபிலிமைப் போலத் தாராளமானதன்று. வெளிச்சத்துக்கும் இருளுக்கும் இடையே அது தாங்கும் இடைவெளி குறுகியது. ஜன்னலைச் சட்டகத்துக்குள் வைத்தால் அது வெள்ளைக் கறையாக எரிந்துபோகும். ஜன்னலுக்கு ஏற்ப அளவைக் குறைத்தால் முகம் கறுத்துவிடும். தொடர்களை எடுத்தோர் இதற்குக் கண்ட தீர்வு, பழைய படப்பிடிப்புத் தள முறைதான்: எங்கும் சமமாக வெளிச்சத்தைப் பரப்பிவிடுவது. பாலு மகேந்திரா நடிகரை ஜன்னலுக்கு அருகே நகர்த்தினார். ஜன்னலைச் சட்டகத்துக்கு வெளியே நிறுத்தினார். வெளிச்சத்தின் ஊற்று தெரியாது, அதன் விளைவு மட்டும் முகத்தில் தெரியும். ஒரு சிறிய வீடு, இரண்டு மூன்று நடிகர்கள், வாசற்படி, சமையலறை ஆகியவையே போதுமாயிருந்தன. எல்லாக் கதைகளும் ஒரே தரத்தில் அமைந்தன என்று சொல்வதற்கில்லை. வாரக்கெடுவின் அவசரம் சிலவற்றில் தெரிகிறது. சில கதைகளில் உரையாடல் காட்சியின் வேலையைச் செய்துவிடுகிறது. ஆயினும், குறைந்த செலவில் நேர்மையான வெளிச்சம் சாத்தியமே என்று அத்தொடர் மெய்ப்பித்தது. வசதி இல்லை என்ற சாக்கைப் பின்வந்தோரிடமிருந்து அது பறித்துவிட்டது.

இதுவரை சொன்னவை நிறைகள். விமரிசனம் அத்துடன் நின்றால் அது புகழுரையாகிவிடும். இப்னு ஹைதமின் நூலில் இரண்டாவது பாடம் ஒன்றும் உண்டு. ஒளியைப் பெற்றுக்கொள்வதோடு பார்வை முடிந்துவிடுவதில்லை. அறிவின் தீர்ப்பும் சேர்ந்தே பார்வை நிறைவடைகிறது என்கிறார் அவர். வெளிச்சத்தின் உண்மையில் அத்தனை கண்டிப்புக் காட்டிய பாலு மகேந்திரா, எதைப் பார்ப்பது, எங்ஙனம் பார்ப்பது என்ற தீர்ப்பில் அதே கண்டிப்பைக் காட்டினாரா? எப்போதும் காட்டவில்லை என்றே சொல்ல வேண்டும். 'மூன்றாம் பிறை'யில் குழந்தை மனத்தோடு ஒரு பெண்ணைக் காக்கும் கதைக்கு நடுவே, சில்க் ஸ்மிதாவின் உடலைப் பார்ப்பதற்காகவே ஒரு பாடற்காட்சி நுழைக்கப்பட்டிருக்கிறது. கதையில் அந்தப் பாத்திரத்தின் ஏக்கத்துக்கு இடமுண்டு என்பது மெய்தான். ஆனால் கேமரா அவளுடைய ஏக்கத்தைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்க்கிறது. 'வீடு' படத்தின் சுதாவை ஒரு மனுஷியாகப் பார்த்த அதே கண், 'நீங்கள் கேட்டவை'யில் சந்தை கேட்டதைக் கொடுக்கக் கற்றிருந்தது. படத்தின் பெயரே அந்தச் சமரசத்தின் ஒப்புதல் போல ஒலிக்கிறது. பார்வையின் ஒழுக்கத்தைப் பற்றி நம் மரபு நெடுங்காலமாகப் பேசிவந்திருக்கிறது. அதைத் திரைக்கு வெளியே நின்று சொல்லும் கண்டனமாக மட்டும் வைத்துக்கொள்ளாமல், திரைக்கு உள்ளே சென்று ஒரு கலை அளவுகோலாகப் பயன்படுத்த இத்தகைய இடங்கள் நமக்கு வாய்ப்பளிக்கின்றன. கொச்சையான கலைஞர்களிடம் இந்தக் கேள்வியைக் கேட்டுப் பயனில்லை. தன் வெளிச்சத்தில் பொய் சொல்ல மறுத்தவரிடம் கேட்டால்தான் கேள்விக்கே பொருள் பிறக்கிறது.

மற்றொரு இன்மையும் கவனத்துக்குரியது. வாவிக்கரையில் பிறந்தவர் அந்த வாவியின் வெளிச்சத்தைத் தம் படங்களில் பதிவு செய்யவே இல்லை. தம் இளமையின் சாயல் கொண்ட 'அழியாத கோலங்கள்' படத்தையும் தமிழகக் கிராமத்தில் வைத்துத்தான் 1979-இல் எடுத்தார். போர் அந்தக் கரையைக் கிழித்துப்போட்டு, அடுத்தடுத்து வாழ்ந்த இரு சமூகங்களைப் பிரித்துவிட்ட பிறகு அவர் திரும்பிச் செல்வது எளிதாக இருந்திருக்காது. எனினும் இருபதுக்கும் மேற்பட்ட படங்களை இயக்கிய ஒருவரின் பணியில் பிறந்த ஊர் ஒரு சட்டகமாகக்கூட இடம்பெறாதது, நம் மொழியின் திரைக்கு நேர்ந்த இழப்பு.

இறுதிப் படமான 'தலைமுறைகள்' 2013 டிசம்பரில் வெளிவந்தது. இலக்கக் கருவியில், சிறிய செலவில் எடுக்கப்பட்ட அப்படத்தில் தாத்தாவாக அவரே நடித்தார். கருவி மாறியது, ஜன்னல் மாறவில்லை. தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கீஸ் தத் விருது அதற்கு அறிவிக்கப்பட்டபோது அவர் உயிரோடில்லை. 2014 பிப்ரவரி 13 அன்று காலமாகியிருந்தார்.

தம் கடைசி ஆண்டுகளில் அவர் திரும்பத் திரும்பச் சொல்லி வருந்திய செய்தி ஒன்றுண்டு. 'வீடு', 'சந்தியா ராகம்' ஆகியவற்றின் நெகடிவ்கள் இப்போது இல்லை, பாதுகாப்பின்றி அழிந்துவிட்டன. தமிழ்ப் படங்களைக் காப்பதற்கென்று தமிழ்நாட்டில் ஒரு காப்பகம் வேண்டும் என்று அவர் மேடைதோறும் கேட்டார். ஓர் எழுத்தாளரின் கையெழுத்துப் பிரதி தொலைந்தாலும் அச்சுப் பிரதியிலிருந்து மறுபதிப்புச் செய்துவிடலாம்; சொற்கள் மாறுவதில்லை. ஒளிப்பதிவாளரின் நிலை வேறு. நெகடிவ் ஒன்றே அவருடைய மூலப் பிரதி. அதிலிருந்து எடுத்த திரையிடல் பிரதிகளின் சாயம் ஆண்டுகள் செல்லச் செல்ல வெளிறுகிறது. நீலப்பச்சைச் சாயம் முதலில் மங்கிவிடுவதால் படம் முழுவதும் செம்மை ஏறிப்போகிறது. சென்னையின் வெப்பமும் ஈரப்பதமும் ஃபிலிமின் அடித்தளத்தையே சிதைத்துக் காடி நாற்றம் வீசச் செய்கின்றன. இன்று 'வீடு' படத்தைத் தொலைக்காட்சிப் பிரதியிலோ இணையத்திலோ பார்ப்பவர் காண்பது, பிரதியின் பிரதியில் எஞ்சிய வெளிச்சத்தை. பாதி கட்டிய சுவரில் விழுந்த அந்த ஒளியின் மெல்லிய படிநிலைகள் அதில் சரிபாதியும் இல்லை. இந்தக் கட்டுரையின் மதிப்பீடுகளும் அந்த மங்கிய சான்றுகளையே நம்பி நிற்கின்றன.

புனேயில் 1964-இல் நிறுவப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம், 2022-இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது. இந்தியா முழுமைக்குமான அந்தக் காப்பகத்தால் தமிழின் எல்லாப் படங்களையும் தாங்கிவிட முடியாது. நூறாண்டு கடந்த திரைத்தொழிலும் எண்ணற்ற ரசிகர் மன்றங்களும் கொண்ட ஒரு மாநிலத்தில், குளிரூட்டப்பட்ட சில அறைகளும் பயிற்சி பெற்ற சில பணியாளர்களும் கொண்ட ஒரு காப்பகம் பெருஞ்செலவான கனவன்று. ஓலைச்சுவடிகளைக் கறையானிடமிருந்து மீட்ட சமூகம் நம்முடையது. அரபுத் தமிழ்க் கையெழுத்துப் பிரதிகள் பழைய பேழைகளில் இற்றுப்போனதை எண்ணி வருந்துவோரும் நம்மிடையே உண்டு. அந்த வருத்தத்தைத் திரைச்சுருளுக்கும் நீட்டிக்க வேண்டிய காலம் இது. விழாக்களில் அவர் படத்துக்கு மாலையிடுவோர், எஞ்சிய பிரதிகள் எங்கெங்கே, எந்நிலையில் உள்ளன என்று ஒரு பட்டியல் எடுக்க முன்வந்தால் போதும். மற்றப் பணிகளை அதிலிருந்து தொடங்கலாம்.